போர்னியோ மழைக்காட்டுப் பெனான் மக்களின் அன்றாட வாழ்க்கை: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

இந்தப் பக்கத்தில் சொல்லப்படுவது, ஓரிடத்தில் நிலைத்துத் தங்காமல் காட்டுக்குள் இடம் மாறி வாழும் பெனான் குடும்பங்களின் வழக்கம். 20ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதி வரை பெரும்பாலோர் இப்படித்தான் வாழ்ந்தார்கள். இன்று முழுமையாக இப்படி வாழ்பவர்கள் மிகச் சிலரே. ஆனால் ஊரில் குடியேறியவர்களும் சாகோ (பனை இனத்து மரத்தண்டின் மாவு) எடுப்பது, பிரம்பு முடைவது, வேட்டைக்குப் போவது எதையும் விட்டுவிடவில்லை.

பெனான் மக்கள் யார்? எங்கே இருக்கிறார்கள்?

போர்னியோ தீவில், மலேசியாவின் சரவாக் மாநிலத்து உள்காடுகளில். பாராம் ஆற்றை வைத்துக் கிழக்குப் பெனான், மேற்குப் பெனான் என்று இரு பிரிவாகச் சொல்வது வழக்கம். கிழக்குப் பிரிவினர் துத்தோ, மாகோ, லிம்பாங் ஆறுகளின் மேல்பகுதிகளில் இருக்கிறார்கள். மேற்குப் பிரிவினர் சிலாட் ஆற்றுப் பக்கமும் பெலாகா பக்கமும். புருணையிலும் ஒரு சிறு கூட்டம் உண்டு. எல்லாரையும் சேர்த்தால் பத்தாயிரத்துக்கு மேல் வரும்.

அக்கம்பக்கத்தில் வாழும் காயான், கென்னியா, கெலாபிட் மக்கள் நெல் பயிரிடுகிறவர்கள். ஆற்றங்கரையில் நீளமான பொது வீடு கட்டி வாழ்கிறவர்கள். பெனான் மக்களின் பழைய வாழ்க்கையில் வயலும் கிடையாது, நீள்வீடும் கிடையாது. பெரிய ஆற்றைக் கண்டால் ஒதுங்குவார்கள். படகோட்டுவதும் வெயிலில் நிற்பதும் அவர்களுக்குப் பிடிக்காது. அவர்கள் மரநிழலின் மனிதர்கள்.

நாடோடிகள் என்றால் கால் போன போக்கில் அலைகிறவர்களா?

இல்லை. இவர்களைப் பற்றி நிலவும் தவறான எண்ணங்களில் அதிகக் கேடு செய்தது இதுதான். ‘அலைகிறவர்களுக்கு நிலம் ஏது’ என்ற வாதம் இதிலிருந்துதான் பிறக்கிறது.

ஒவ்வொரு கூட்டத்துக்கும் தனக்கென ஒரு காட்டுப்பரப்பு உண்டு. அதன் எல்லை ஓடைகளும் மலைமுகடுகளும். கிழக்கில் ஒரு கூட்டம் என்றால் சுமார் 20 முதல் 40 பேர். மேற்கில் அதைவிடப் பெரிய கூட்டங்கள், 60 பேருக்கு மேலும் இருக்கும். முகாமைச் சுற்றி நடந்து எட்டக்கூடிய சாகோ மரங்கள் தீர்ந்ததும் அடுத்த முகட்டுக்கு நகர்வார்கள். சில வாரங்களில் ஒரு நகர்வு, சில சமயம் ஒன்றிரண்டு மாதங்களில் ஒன்று. வெட்டிய இடத்தில் புதிய தண்டுகள் முற்றச் சில ஆண்டுகள் ஆகும். அதன் பிறகுதான் அந்தப் பக்கம் திரும்பி வருவார்கள். எந்த ஓடைக்கு மேலே எந்தக் கொத்து, கடைசியாக அதை வெட்டியது யார், எப்போது முற்றும் என்பதெல்லாம் பெரியவர்களின் நினைவில் இருக்கும்.

இப்படி ஒரு சாகோக் கொத்தையோ பழமரத்தையோ அம்புக்கு விஷம் தரும் மரத்தையோ பார்த்துவைத்து, அடையாளமிட்டு, அளவாக எடுத்து, மீதியை வளரவிடுவதை ‘மொலோங்’ என்பார்கள். ஒருவர் மொலோங் செய்த மரத்தை வேறொருவர் கேட்காமல் தொடமாட்டார். அது பிள்ளைகளுக்கும் போய்ச் சேரும். இடம் மாறுவது இந்தப் பராமரிப்பின் ஒரு பகுதி.

சாகோ என்றால் நம்ம ஊர் ஜவ்வரிசியா?

சேலத்துப் பக்கம் செய்யும் ஜவ்வரிசி மரவள்ளிக் கிழங்கு மாவில் வருவது. சாகோ என்பது பனை இனத்து மரங்களின் தண்டுக்குள் இருக்கும் சோறு எனும் மென்மையான உட்பகுதியிலிருந்து எடுக்கும் மாவு. நம் மேற்குத் தொடர்ச்சி மலையிலும் கூந்தல்பனையின் சோற்றை இப்படி இடித்து மாவெடுத்து உண்ட பழங்குடிகள் உண்டு.

சதுப்புநிலச் சாகோ மரம் மிகப் பெரியது, ஒரே மரம் நூறு கிலோவுக்கு மேல் மாவு தரும். பெனான் மக்கள் நம்பியிருப்பது அதை அல்ல; மலைச்சரிவிலும் முகட்டிலும் முட்டுவேர் ஊன்றிக் கொத்துக்கொத்தாக வளரும் மலைச்சாகோவை. அதன் பெயர் ‘உவுட்’. தண்டு ஒல்லியானது, ஒன்றிலிருந்து சில கிலோ மாவுதான் தேறும். அதனால் ஒரு தடவைக்குப் பல தண்டுகளை வெட்ட வேண்டியிருக்கும். ஒரு கொத்தில் ஒரு தண்டை வெட்டினாலும் அடியிலிருந்து புதிய தண்டுகள் கிளம்பிக்கொண்டே இருப்பது இந்த மரத்தின் பெரிய வரம். கொத்து முழுவதையும் மொட்டையடித்தால்தான் கெடும்.

மாவு எடுப்பது எப்படி?

மரம் பார்ப்பதில்தான் பாதி வெற்றி. தண்டு தன் வாழ்நாளில் ஒரே முறை பூக்கும். அதற்காகச் சேர்த்துவைத்த மாவு முழுவதும், பூக்கப்போகும் சமயத்தில் தண்டுக்குள் நிறைந்திருக்கும். கொஞ்சம் முந்தினால் மாவு குறைவு. காய் பிடித்த பிறகு வெட்டினால் உள்ளே வெறும் நார். சந்தேகமிருந்தால் கோடாலியால் ஒரு வெட்டுப் போட்டு, சோற்றைக் கிள்ளி விரலிடுக்கில் நசுக்கிப் பார்ப்பார்கள். வெள்ளையாகப் பிசுபிசுத்தால் வெட்டலாம்.

வெட்டிச் சாய்த்ததும் முள் நிறைந்த மட்டைகளைக் கழித்துவிட்டு, தண்டைத் தூக்க வசதியான துண்டுகளாக்கி, ஒவ்வொன்றையும் நீளவாக்கில் இரண்டாகப் பிளப்பார்கள். பிளந்த துண்டின் முன் உட்கார்ந்து, சுத்தியல் போன்ற மரக்கொட்டாப்புளியால் சோற்றைக் குத்திக் குத்தி நாராகப் பெயர்ப்பார்கள். கடுமையான வேலை, தோள் விட்டுப்போகும். பெயர்த்த சோற்றைக் கூடையில் வாரிக்கொண்டு ஓடைக்கு இறங்குவார்கள்.

ஓடைக்கரையில் குச்சிகளால் இரண்டடுக்குச் சட்டம் கட்டியிருக்கும். மேலடுக்கில் இடைவெளி விட்டு முடைந்த பிரம்புப் பாய், கீழே நெருக்கமாக முடைந்த பாய். கீழ்ப் பாயின் ஓரங்களைத் தூக்கிக் கட்டித் தொட்டிபோல் ஆக்கியிருப்பார்கள். மேல் பாயில் சோற்றைக் கொட்டி, தண்ணீர் ஊற்றி ஊற்றிக் காலால் மிதிப்பார்கள். குதிகாலால் அழுத்தித் திருப்பி மிதிக்கும்போது பால்போல் வெள்ளை நீர் கீழே வடியும். வடியும் நீர் தெளிந்துவிட்டால் அந்தச் சக்கையில் இனி ஒன்றுமில்லை, அள்ளிப் போட்டுவிட்டு அடுத்த கூடை. கீழ்ப் பாயில் மாவு படிந்து கெட்டியாகும். மேலே நிற்கும் நீரை வடித்தால் ஈரமான வெள்ளைக் கட்டி கிடைக்கும். அதை முகாமுக்குக் கொண்டுபோய் அடுப்பின் மேல் கிளறி உலர்த்திப் பொடியாக்கி வைப்பார்கள்.

தவறு நேரும் இடங்கள் மூன்று. வெட்டிய தண்டை நாள்கணக்கில் போட்டுவைத்தால் சோறு புளித்துவிடும். ஈரமாவை உலர்த்தாமல் வைத்தாலும் அதே கதி. மூன்றாவது தண்ணீர்: இந்த முறைக்குக் கலங்கல் இல்லாத நீர் நிறைய வேண்டும். சேறு கலந்த நீரில் அலசினால் மண்ணும் மாவோடு சேர்ந்தே படியும், பிறகு பிரிக்கவே முடியாது. மேலே எங்கோ மரம் வெட்டி ஓடை கலங்கினால், கீழே இருப்பவர்களின் சாப்பாடு அன்றைக்கே மண்ணாகிவிடும்.

எப்படிச் சமைத்துச் சாப்பிடுகிறார்கள்?

மாவைக் கொஞ்சம் தண்ணீரில் கரைத்து, அடுப்பில் வைத்து விடாமல் கிண்டுவார்கள். வெள்ளை நிறம் போய்க் கண்ணாடிபோல் மினுங்கும் கெட்டிப் பசையாக வந்தால் பதம். வெள்ளை வெள்ளையாகத் தெரிந்தால் வேகவில்லை என்று அர்த்தம். கிண்டுவதை நிறுத்தினால் கட்டி தட்டும். இந்தக் களியின் பெயர் ‘நாவோ’. ஒரே சட்டியைச் சுற்றி எல்லாரும் உட்கார்ந்து, கவைக்குச்சியைக் களிக்குள் விட்டுச் சுழற்றி, உருண்டு வருவதை இறைச்சிச் சாற்றில் தோய்த்து விழுங்குவார்கள். மெல்லுவதில்லை. பன்றிக் கொழுப்பில் மாவை வறுத்தும் தின்பதுண்டு.

சாகோ கிட்டத்தட்ட முழுக்க மாவுச்சத்து. 100 கிராமில் சுமார் 350 கலோரி, புரதம் ஒரு கிராம்கூடத் தேறாது. ஆகவே வேட்டை அவர்களுக்குப் பொழுதுபோக்கல்ல. இறைச்சியும் மீனும் காட்டுக்கீரையும் பனங்குருத்தும் சேர்ந்தால்தான் அது முழுச் சாப்பாடு.

முகாமை எங்கே போடுகிறார்கள்? குடில் எப்படி இருக்கும்?

முகட்டில். வெள்ளம் எட்டாது, காற்று வரும், கொசுத்தொல்லை குறைவு, சாகோவும் பக்கத்திலேயே. தண்ணீரை மூங்கில் குழாய்களில் மேலே சுமந்து வர வேண்டும், அது ஒன்றுதான் சிரமம். இடம் தேர்ந்ததும் முதலில் அண்ணாந்து பார்ப்பார்கள். பட்ட மரமோ முறியக் காத்திருக்கும் கிளையோ மேலே இருக்கக் கூடாது. இந்தக் காட்டில் உறங்கும் மனிதருக்குப் புலி பயமில்லை (போர்னியோவில் புலியே கிடையாது). இரவுக் காற்றில் விழும் மரம்தான் எமன். ஆபத்தாக ஒரு மரம் நின்றால், முன்கூட்டியே அதை வெட்டிச் சாய்த்துவிடுவார்கள், அல்லது வேறு இடம் பார்ப்பார்கள்.

குடிலின் பெயர் ‘லாமின்’. இளமரக் கம்பங்களை நட்டு, தரையிலிருந்து ஒரு மீட்டர் அளவு உயரத்தில் குறுக்குக் கம்பு கட்டி, மேலே ஒல்லிக் கம்புகளை நெருக்கமாக அடுக்கினால் தளம். ஆணி கிடையாது, எல்லாக் கட்டும் பிரம்பு. கூரைக்குப் பனையோலை, ஓலைகளைத் தைத்த பாயாகச் சுருட்டி முகாமுக்கு முகாம் தூக்கிச் செல்வதும் உண்டு. இப்போது அந்த இடத்தைத் தார்ப்பாய் பிடித்துவிட்டது. தளத்தின் ஒரு பக்கம் சட்டமடித்து மண் நிரப்பி அடுப்பு. அடுப்புக்கு மேல் பரண், அதில் விறகும் இறைச்சியும் புகையில் காயும். குடும்பமே கைகொடுத்தால் அரை நாளில் வீடு எழுந்துவிடும். ஆண்டுக்கு 4000 மில்லிமீட்டருக்கு மேல் மழை கொட்டும் இடம் என்பதால் உயர்ந்த தளமும் காய்ந்த விறகும் அத்தியாவசியம்.

ஒரு நாள் எப்படிக் கழியும்?

விடியும்போது கிப்பன் குரங்குகளின் கூவல் கேட்கும், அப்போதே அடுப்பு மூட்டியாகிவிடும். மிச்சமிருக்கும் களியோ இறைச்சியோ தின்றுவிட்டு ஆண்கள் நாய்களோடும் ஊதுகுழலோடும் (வாயால் ஊதி அம்பெய்யும் நீண்ட குழல்) கிளம்புவார்கள். சாகோ வேலை நடக்கும் நாட்களில் ஆண், பெண், பெரிய பிள்ளைகள் எல்லாரும் ஓடைக்கரையில் இருப்பார்கள். மற்ற நாட்களில் பெண்கள் கீரை, குருத்து, விறகு சேர்ப்பார்கள்; பிரம்பைப் பிளந்து சீவி பாயும் கூடையும் முடைவார்கள். பிற்பகல் பெரும்பாலும் மழை. மாலையில் பெரிய சாப்பாடு, அதன் பிறகு குங்கிலியப் பந்தத்தின் வெளிச்சத்தில் பேச்சு. அன்று யார் எந்தப் பக்கம் போனார், எந்த மரம் காய்த்திருக்கிறது, எங்கே பன்றித்தடம் தெரிந்தது என்று விவரம் விவரமாகச் சொல்வார்கள். மறுநாள் வேலை அந்தப் பேச்சிலேயே முடிவாகிவிடும்.

ஊதுகுழலை எப்படிச் செய்கிறார்கள்?

மூங்கிலில் அல்ல, கடினமான மரத்தில். சுமார் இரண்டு மீட்டர் அல்லது அதற்குச் சற்று மேல் நீளமுள்ள மரத்துண்டைச் செதுக்கி, செங்குத்தாக நிறுத்தி அசையாமல் கட்டுவார்கள். அதன் தலை எட்டும் உயரத்துக்கு ஒரு பரண். பரணில் நிற்பவர் உளிபோன்ற நுனியுள்ள நீண்ட இரும்புக் கம்பியைத் தூக்கித் தூக்கி விடுவார். ஒவ்வொரு குத்துக்கும் கம்பியைச் சற்றே திருப்புவார். துளையில் தண்ணீர் ஊற்றிச் சீவலை வெளியே கொண்டுவருவார்கள். இப்படியே சுமார் ஒரு சென்டிமீட்டர் அகலத்தில் நேரான துளை விழ வேண்டும். மரத்துக்குள் முடிச்சு இருந்தால் கம்பி விலகிவிடும், அத்தனை உழைப்பும் வீண். துளை முடிந்த பிறகே வெளிப்புறத்தைச் செதுக்கி மெலிவாக்குவார்கள். முதலிலேயே மெலிவாக்கினால் விலகலுக்கு இடம் இருக்காது. பிரம்பை உள்ளே விட்டு இழுத்து இழுத்துத் துளையை வழவழப்பாக்குவார்கள்.

இதில் வியக்கவைக்கும் நுட்பம் ஒன்று உண்டு. குழலின் முனையில் ஈட்டி அலகு ஒன்றைப் பிரம்பால் கட்டுவார்கள், காயம்பட்ட பன்றி திரும்பிப் பாய்ந்தால் குத்துவதற்கு. அந்த அலகின் கனத்தால் நீண்ட குழல் கீழ்நோக்கி வளையும். அந்த வளைவு சரியாகும் அளவுக்குத் துளையையே முன்கூட்டி எதிர்ப்பக்கம் லேசாக வளைத்து அமைப்பார்கள்.

அம்பு என்பது பனைமட்டையில் சீவிய, ஒரு சாண் அல்லது சற்று நீளமான குச்சி. அதன் அடியில் எடையற்ற மரச்சோற்றில் செதுக்கிய தக்கை. தக்கை துளைக்குள் கச்சிதமாக உட்கார வேண்டும். தளர்ந்தால் காற்று ஓரமாகப் போய்விடும், இறுகினால் அம்பு நகராது. நுனிக்குக் கீழே ஒரு வெட்டு இருக்கும். குரங்கு அம்பைப் பிடுங்கினாலும் விஷமுள்ள நுனி உடைந்து உள்ளேயே தங்குவதற்காக. பெரிய விலங்குக்குத் தகர முனை வைத்த அம்பு. சத்தமே இல்லாததால் முதல் அம்பு தவறினாலும் மரத்தின் மேலிருக்கும் கூட்டம் கலையாது, அடுத்ததை ஊதலாம். துப்பாக்கியில் இந்த வசதி இல்லை.

விஷ அம்பு பட்ட இறைச்சியைத் தின்றால் ஆபத்தில்லையா?

விஷத்தின் பெயர் ‘தாஜெம்’. ஒரு பெரிய காட்டுமரத்தின் பால். இதே இன மரம் மேற்குத் தொடர்ச்சி மலையிலும் உண்டு. தமிழில் நெட்டாவில் என்பார்கள், அங்கே அதன் பட்டையை மரவுரிக்கும் பைக்கும் பயன்படுத்தினார்கள். பெனான் மக்கள் பட்டையைக் கீறிப் பாலெடுத்து, பனையோலை மடிப்பில் ஊற்றி, சிறு நெருப்பின் மேல் பொறுமையாகச் சுண்டவைப்பார்கள். கறுத்த பசையானதும் அம்பு நுனியில் பூசி உலர்த்துவார்கள்.

அரளியில் இருப்பதுபோன்ற, இதயத்தைத் தாக்கும் வகை நஞ்சு இது. ஆனால் அரளியைத் தின்றாலே உயிர் போகும். தாஜெம் இரத்தத்தில் கலந்தால்தான் வேலை செய்யும், குடல் வழியாக மிகக் குறைவாகவே உறிஞ்சப்படும். அம்பு பட்ட இடத்துச் சதையை மட்டும் வெட்டி எறிந்துவிட்டு மீதியைச் சமைப்பார்கள். கையில் ஆறாத புண்ணோடு அம்பைத் தொடுவதுதான் உண்மையான ஆபத்து.

எந்த விலங்குகளை வேட்டையாடுகிறார்கள்? யாருக்கு எவ்வளவு?

தாடிப்பன்றிதான் முதலிடம். இறைச்சி ஒரு பக்கம், கொழுப்பு இன்னொரு பக்கம். உருக்கி மூங்கில் குழாயில் அடைத்து வைப்பார்கள். காட்டுமரங்கள் சில ஆண்டுகளுக்கு ஒருமுறை ஒன்றுசேர்ந்து காய்த்துக் கொட்டும்போது பன்றிக்கூட்டங்கள் அதைத் தொடர்ந்து இடம் பெயரும். அப்போது பன்றியின் விலாவில் கொழுப்பு திரண்டிருக்கும். நாய்கள் வளைத்து நிறுத்த, ஆண்கள் ஈட்டியால் குத்துவார்கள். கடமான், கேளையாடு, சருகுமான், குரங்குகள், அணில், இருவாச்சி எல்லாம் உணவுதான்.

பங்கு பற்றிய விதி கறாரானது. வந்த இறைச்சி முகாமிலுள்ள எல்லா அடுப்புக்கும் சமமாகப் போகும். வேட்டையாடியவருக்குத் தனிச் சலுகை கிடையாது. ஒரு சிறு அணிலாக இருந்தாலும் பிரித்துத்தான் ஆக வேண்டும். பங்கிடாமல் ஒளிப்பது அவர்கள் கண்ணில் மிகப் பெரிய குற்றம். இதில் நல்ல மனசும் இருக்கிறது, கணக்கும் இருக்கிறது: ஈரக்காட்டில் ஒரு குடும்பத்தால் ஒரு பன்றியைக் கெடாமல் தின்று முடிக்க முடியாது, நாளை வேட்டை கிடைக்கப்போவது யாருக்கு என்பதும் தெரியாது.

காட்டில் பிரிந்து நடப்பவர்கள் எப்படிச் செய்தி சொல்லிக்கொள்கிறார்கள்?

‘ஓரோ’ எனப்படும் குச்சிக் குறிகளால். பாதையோரம் சாய்வாக ஊன்றிய ஒரு கம்பில், பிளவுகளுக்குள் இலையும் சிறு குச்சியும் செருகியிருக்கும். கம்பு சாயும் திசை போன திசை. மடித்த இலை என்றால் பசி, வேட்டை தேடிப் போகிறோம். பிரம்பில் போட்ட முடிச்சுகள் நாள் கணக்கு. சம நீளமான இரண்டு குச்சிகள், பங்கிட ஏதோ இருக்கிறது, நமக்குள் வேற்றுமை இல்லை என்று சொல்லும். பின்னால் வருபவர் அதைப் பார்த்தாலே யார், எத்தனை குடும்பம், எப்போது போனார்கள் என்று படித்துவிடுவார்.

உப்பும் இரும்பும் எங்கிருந்து வந்தன?

பண்டமாற்றில். குங்கிலியம், காட்டு ரப்பர், பிரம்புப் பாய், கற்பூரம் இவற்றைக் கொடுத்து உப்பு, பாராங் கத்தி, கோடாலித் தலை, துணி, புகையிலை வாங்குவார்கள். நீள்வீட்டுக்காரர்கள்தான் இடைத்தரகர்கள், ஏமாற்று அதிகம் இருந்தது. அதைத் தடுக்க 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், சரவாக்கை அப்போது ஆண்ட ஆங்கிலேய புரூக் மன்னர் குடும்பத்தின் ஆட்சியில், அதிகாரி முன்னிலையில் குறித்த நாளில் கூடும் ‘தாமு’ சந்தைகள் தொடங்கின. அவை 1970கள் வரை நடந்தன.

கற்பூரம் என்றால் பெருமரத்தின் வெடிப்புகளுக்குள் படிகமாக உறையும் கற்பூரம். நாம் பச்சைக் கற்பூரம் என்று போற்றிய சரக்கின் உறவு. அதற்குப் பேர்போன சுமத்ராவின் பாருஸ் துறைமுகத்தருகே, லோபு துவாவில் 1088ஆம் ஆண்டுத் தமிழ்க் கல்வெட்டு கிடைத்திருக்கிறது. ஐந்நூற்றுவர் வணிகக் குழுவுடையது.

ஒருவர் இறந்தால்?

முகாமைக் காலிசெய்துவிடுவார்கள். இறந்தவர் பெயரை உச்சரிப்பதில்லை. உறவினர்கள் இன்ன உறவை இழந்தவர் என்று காட்டும் துக்கப் பெயரை ஏற்பார்கள். எனவே ஒரே மனிதருக்கு வாழ்நாளில் பல பெயர்கள் வரும்.

இன்று எத்தனை பேர் இப்படி வாழ்கிறார்கள்? ஏன் குறைந்தார்கள்?

முழுநேரமும் காட்டில் இருப்பவர்கள் மிகச் சிறு எண்ணிக்கை. 1950களிலிருந்து மதப்பணியாளர்களும் அரசும் அழைத்ததால் பலர் ஊர்களில் குடியேறினார்கள். ஆனால் அதைவிட வேகமாகக் காட்டைக் காலிசெய்தது மரவெட்டு. வெட்டிய மரத்தை இறக்கும் சாலைகளை முகடுகளை ஒட்டிப் போடுவது எளிது. மலைச்சாகோவும் பழைய முகாம்களும் இருப்பது அதே முகடுகளில். புல்டோசர் ஒரு முறை போனால் பல தலைமுறை மொலோங் அழிந்தது. 1987 மார்ச்சில் பெனான் மக்கள் சாலைகளின் குறுக்கே கம்பும் பிரம்பும் கட்டி மறித்து நின்றார்கள். அதே ஆண்டில் சரவாக் அரசு சட்டத்தைத் திருத்தி, மரவெட்டுச் சாலையை மறிப்பதைக் குற்றமாக்கியது. பலர் கைதானார்கள். சாகோவையும் ஓடையையும் இழந்தவர்களிடம் ‘முன்னேறுங்கள்’ என்று சொன்னது பெரிய அநியாயம்.

2021இல் ஆப்பிரிக்கப் பன்றிக் காய்ச்சல் சரவாக் காடுகளுக்குள் நுழைந்து தாடிப்பன்றிகளைக் கொன்றது இன்னோர் அடி.

நேரில் பார்க்க முடியுமா?

சரவாக்கின் மீரி நகரத்திலிருந்து முலுவுக்கு விமானம் உண்டு. முலு தேசியப் பூங்காவை ஒட்டி, மெலினாவ் ஆற்றங்கரையில் ‘பத்து புங்கான்’ என்ற பெனான் குடியிருப்பு இருக்கிறது. குகைகளுக்குப் போகும் படகுகள் அங்கே கைவினைச் சந்தைக்கு நிற்கும். முகத்தைப் படமெடுக்குமுன் கேளுங்கள். கூடை வாங்குவதானால் இழையைத் தொட்டுப் பாருங்கள்: இப்போது நெகிழிப் பட்டையிலும் முடைகிறார்கள், அது உறுதிதான், மழைக்கும் தாங்கும். பிரம்பு வேண்டுமென்றால் இழையின் அகலம் லேசாக மாறி மாறி வரும், உள்பக்கம் சீவிய தடம் தெரியும். தோளில் மாட்டும் வார் கூடையோடு சேரும் இடத்திலும் அடி விளிம்பிலும் இரட்டைக் கட்டு இருக்கிறதா என்று பாருங்கள். சுமை ஏறினால் முதலில் அறுவது அங்கேதான். சொன்ன விலையைக் கொடுங்கள். பிரம்பு இப்போது கிட்டத்தில் கிடைப்பதில்லை, அதை வெட்டிவரவே வெகுதூரம் நடக்கிறார்கள்.